போர் தண்ணிக் கறைக்கு ஹார்பிக்: பீங்கானுக்குச் சரி, டைல்ஸ் இடுக்குக்கு வேண்டாம்

சேலத்தில் மேட்டூர்த் தண்ணீரைக் குடிக்க, சமைக்கப் பிடித்து வைத்துவிட்டு, பாத்ரூமுக்குப் போர் தண்ணீரைத் திறந்துவிடும் வீடுகள்தான் அதிகம். கால்சியமும் மக்னீசியமும் கலந்த அந்த உப்புத் தண்ணீர் காய்கிற இடமெல்லாம் வெள்ளையாகப் படியும். அந்தப் படிவில் அழுக்கும் இரும்பும் ஏறினால் மஞ்சள், விட்டுவிட்டால் காப்பிக் கலர். டாய்லெட் பேசினுக்குள் தண்ணீர் நிற்கும் மட்டத்தில் வளையமாகத் தெரிவது இதுதான். சோப்புத் தண்ணீருக்கு அது அசையாது, அமிலம்தான் கரைக்கும்.

நீல பாட்டில் ஹார்பிக்கில் சுமார் 10 சதவீதம் ஹைட்ரோகுளோரிக் அமிலம் இருக்கிறது. திரவம் கெட்டியாக இருப்பதால் செங்குத்தான பீங்கானிலும் வழியாமல் ஒட்டி நிற்கும். வளைந்த மூக்கு விளிம்புக்கு அடியில் நேராகப் போகும். இந்த வேலைக்கு இதைக் குறை சொல்ல முடியாது. பலன் கிடைக்கவில்லை என்று சொல்பவர்கள் பெரும்பாலும் தேங்கிய தண்ணீரின் மேலேயே ஊற்றியிருப்பார்கள். அமிலம் அதில் நீர்த்துப்போய், வளையத்தைத் தொடும்போது வீரியமே இருக்காது.

முதலில் பிரஷ்ஷால் தண்ணீரை வளைவுக்குள் நாலைந்து முறை தள்ளுங்கள், மட்டம் இறங்கும். மீதியைப் பழைய துணியில் ஒற்றி எடுங்கள். பிறகு விளிம்பைச் சுற்றி ஊற்றி 20 முதல் 30 நிமிடம் விடுங்கள். படிவு கரையும்போது பொடிப்பொடியாக நுரை கிளம்பும். நுரை அடங்கியும் கறை நின்றால் அந்த அமிலம் செலவாகிவிட்டது. தேய்த்துக் கழுவிவிட்டுப் புதிதாக ஊற்ற வேண்டும். பழையதையே ராத்திரி முழுக்க ஊறவிட்டுப் பயனில்லை. தடித்த வளையத்துக்கு டிஷ்யூ பேப்பரை நீளமாக மடித்து ஒட்டி, அதன் மேல் ஊற்றி, ஒரு மணி நேரம் கழித்து எடுங்கள். பேப்பரைக் குப்பையில் போடுங்கள், பேசினுக்குள் விட்டால் அடைப்பு வரும். ஒரிசா பேனில் கால் வைக்கும் வரிகளுக்குப் பழைய டூத்பிரஷ்தான் சரி. ஸ்டீல் நார் வேண்டவே வேண்டாம். பீங்கானின் மினுமினுப்பு ஒருமுறை கீறிவிட்டால், அடுத்த கறை அந்தக் கீறலில்தான் முதலில் ஏறும்.

டைல்ஸ் இடுக்கு வேறு கதை. அங்கே இருப்பது சிமென்ட் அல்லது ஒயிட் சிமென்ட். அதுவும் சுண்ணாம்புச் சரக்குதான். கறையைத் தின்கிற அமிலம் இடுக்கையும் சேர்த்தே தின்னும். கழுவியதும் பளிச்சென்று தெரிவது மேல்தோல் உரிந்ததால். நாலைந்து தடவைக்குப் பிறகு விரலால் தடவினால் மணல் மாதிரி உதிரும், இடுக்கு குழியும், தண்ணீர் கீழே இறங்கிக் கீழ்வீட்டு சீலிங்கில் ஈரம் தெரியும். சிமென்ட்டுக்குப் பதில் எபாக்ஸி என்ற ரெசின் பசையால் இடுக்கு அடைத்தவர்களுக்கு இந்தப் பயம் குறைவு.

இடுக்குக்கு என்ன வாங்கலாம்? வெள்ளைப் படிவுக்கு சிட்ரிக் ஆசிட், அதாவது மளிகைக் கடை எலுமிச்சை உப்பு. அரை லிட்டர் வெதுவெதுப்பான தண்ணீரில் 2 டேபிள்ஸ்பூன் கரையுங்கள். இடுக்கை முதலில் வெறும் தண்ணீரால் நன்றாக நனைத்துவிடுங்கள். நனைந்த சிமென்ட் அமிலத்தை உள்ளே அதிகம் இழுக்காது. பிறகு தடவி, 5 நிமிடத்தில் நைலான் பிரஷ்ஷால் தேய்த்து, தாராளமாகக் கழுவுங்கள். இதுவும் அமிலம்தான், வாராவாரம் செய்கிற வேலையில்லை. குரோம் குழாய்க்கும் இதே கரைசல் போதும். ஹார்பிக் பட்டால் குரோம் மங்கிவிடும். மார்பிள் தரையில் இரண்டுமே ஆகாது.

கறுப்பாக இருந்தால் அது பூஞ்சை, அமிலத்தை வீணாக்காதீர்கள். ஆக்சிஜன் பிளீச் பவுடர் (சோடியம் பெர்கார்பனேட், சாதாரண பிளீச்சிங் பவுடர் இல்லை) 2 டேபிள்ஸ்பூனை ஒரு லிட்டர் சூடான தண்ணீரில் கலந்து, 20 நிமிடம் ஊறவிட்டுத் தேய்த்தால் இடுக்கு அரிக்காமலே வெளுக்கும். குளிக்கும் மூலையில் பிசுபிசுப்பான சாம்பல் கலர் என்றால் போர் தண்ணீரும் சோப்பும் சேர்ந்த படலம், அதற்குப் பாத்திரம் கழுவும் திரவமும் சூடான தண்ணீருமே போதும். துருக்கறை மேல் மட்டும் பிளீச்சிங் பவுடர் போடாதீர்கள், கறை இன்னும் அழுத்தமாகப் பிடித்துக்கொள்ளும்.

பழைய பாட்டிலில் அடைத்து விற்கும் லூஸ் ஆசிட்டை வீட்டுக்குள்ளேயே சேர்க்கக் கூடாது. எவ்வளவு வீரியம் என்று லேபிள் இருக்காது, புகை நெஞ்சை அடைக்கும், குழந்தை தண்ணீர் என்று எடுத்துவிடும்.

ஹார்பிக்கோ ஆசிட்டோ ஊற்றிய இடத்தில் பிளீச்சிங் பவுடர் பட்டால் குளோரின் வாயு கிளம்பும். ஜன்னல் இல்லாத சின்ன பாத்ரூமில் அது உயிருக்கே ஆபத்து. ஒன்றை இன்று போட்டால் மற்றதை நாளைக்கு, இடையில் பக்கெட் பக்கெட்டாகத் தண்ணீர் விட்டபிறகு போடுங்கள். கையுறை போட்டு, கதவைத் திறந்து வைத்தே செய்யுங்கள்.