கிளாட், அம்பேத்கர் சட்டப் பல்கலை: இரண்டு கலந்தாய்வும், ஐந்தாண்டு கழித்து வரும் கணக்கும்

+2 முடித்ததும் ஐந்தாண்டுச் சட்டப் படிப்பில் சேர நினைக்கும் தமிழ்நாட்டு மாணவருக்கு முக்கியமான வாசல்கள் இரண்டு. ஒன்று தேசியச் சட்டப் பல்கலைக்கழகங்களின் கூட்டமைப்பு நடத்தும் கிளாட் நுழைவுத் தேர்வு. இன்னொன்று, மதிப்பெண்ணை மட்டும் பார்த்து இடம் தரும் தமிழ்நாடு டாக்டர் அம்பேத்கர் சட்டப் பல்கலைக்கழகத்தின் சேர்க்கை. இரண்டையும் காசு கொடுத்து வாங்கும் ஒரு சேவையாக எடுத்துக்கொண்டு இங்கே மதிப்பிடுகிறோம். படிவம் நிரப்புவதில் தொடங்கி, படிப்பை முடித்தவர் கோர்ட் வாசலில் நிற்கும் முதல் மூன்று ஆண்டுகள் வரை.

முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம். எந்தக் கல்லூரியின் கட்-ஆஃப் உயரம் என்று பார்த்து இடம் தேர்ந்தெடுப்பவர்கள்தான் பிறகு அதிகம் திணறுகிறார்கள். பட்டம் வாங்கிய பின் மூன்று ஆண்டுகள் சொற்ப வருமானத்தில் வீட்டால் தாக்குப்பிடிக்க முடியுமா என்ற கேள்வியிலிருந்து தொடங்கினால் பாதிக் குழப்பம் தீரும்.

கிளாட்டிலிருந்து வருவோம். 2008இல் தொடங்கிய தேர்வு. அப்போது ஒவ்வோர் ஆண்டும் ஒரு பல்கலைக்கழகம் முறைவைத்து நடத்தியது. 2018இல் கணினிவழித் தேர்வில் கோளாறு ஏற்பட்டுப் பலருக்கு நேரம் பறிபோனது. ஈடு மதிப்பெண் கணக்கிடும் விவகாரம் சுப்ரீம் கோர்ட் வரை சென்றது. 2019 முதல் நிரந்தரக் கூட்டமைப்பு நடத்துகிறது. இப்போது தாளில் எழுதும் தேர்வு. 2 மணி நேரம், 120 கேள்வி, தவறான விடைக்கு கால் மதிப்பெண் கழியும். சட்டத் தர்க்கத்திலும் நடப்பு நிகழ்வுகளிலும் தலா 28 முதல் 32 கேள்விகள் வரும். ஆங்கிலத்திலும் தர்க்கத்திலும் தலா 22 முதல் 26. கணிதத்தில் 10 முதல் 14. எல்லாமே நீண்ட பத்திகளைப் படித்துவிட்டு விடை தேடும் வகை. ஆங்கிலத்தில் மட்டுமே எழுத முடியும். தமிழ்வழியில் படித்த மாணவருக்குச் சட்ட அறிவு எவ்வளவு இருந்தாலும், நிமிடத்துக்கு ஒரு கேள்வி என்ற வேகத்தில் ஆங்கிலப் பத்தியைக் கடக்கும் பழக்கம் இல்லையென்றால் தேர்வு அங்கேயே முடிந்துவிடும். பயிற்சி மையங்கள் இதை 'ரீடிங் ஸ்பீடு' என்று சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போகும். உண்மையில் அது பத்தாண்டு ஆங்கிலவழிக் கல்வியின் விலை.

கலந்தாய்வுதான் இந்தச் சேவையின் பலவீனமான பகுதி. 2024 டிசம்பர் 1 அன்று நடந்த தேர்வின் விடைக்குறிப்பில் பிழை இருப்பதாக டெல்லி உயர் நீதிமன்றத்தில் வழக்கு வந்தது. டிசம்பர் 20 அன்றே தனி நீதிபதி இரண்டு கேள்விகளில் பிழை கண்டார். அது மேல்முறையீடாகி, சுப்ரீம் கோர்ட் 2025 மே 7 அன்று முடித்துவைத்த பிறகுதான் இளநிலைக் கலந்தாய்வு நகர்ந்தது. டிசம்பரில் எழுதிய மாணவர் ஐந்து மாதம் காத்திருந்தார். விடைக்குறிப்பை ஆட்சேபிக்க ஒரு கேள்விக்கு 1,000 ரூபாய் கட்ட வேண்டும். ஆட்சேபம் சரியென்றால்தான் பணம் திரும்பும். கேள்வி தயாரித்தவர்கள் செய்த பிழைக்கு மாணவர் முன்பணம் கட்டும் ஏற்பாடு இது.

இடம் ஒதுக்கியதும் மூன்று வழிகள்: ஃப்ரீஸ், ஃப்ளோட், எக்ஸிட். ஃப்ரீஸ் என்றால் இதுவே போதும், அடுத்த சுற்று வேண்டாம். ஃப்ளோட் என்றால் இதை வைத்துக்கொள்கிறேன், பட்டியலில் மேலே உள்ளது கிடைத்தால் மாறுகிறேன். எக்ஸிட் என்றால் கலந்தாய்விலிருந்தே விலகுகிறேன். பலர் சறுக்குவது ஃப்ளோட்டில்தான். மேலே உள்ள இடம் காலியானால் மாற்றம் தானாக நடந்துவிடும். பழைய இடம் அந்த நிமிடமே வேறொருவருக்குப் போய்விடும். 'எதற்கும் இருக்கட்டும்' என்று தொலைதூரக் கல்லூரி ஒன்றை மேலே போட்டுவைத்து, கையில் இருந்த திருச்சி இடத்தை இழந்து தவிப்பது இப்படித்தான். விருப்பப் பட்டியல் மூடியபின் வரிசையை மாற்ற முடியாது. ஆகவே ஒவ்வொரு கல்லூரிக்கும் 'இது கிடைத்தால் நிச்சயம் போவோமா' என்று கேட்டு, இல்லை என்றால் பட்டியலிலிருந்தே எடுத்துவிட வேண்டும். குறித்த நேரத்துக்குள் எதையும் தேர்ந்தெடுக்காவிட்டால் இடம் போய்விடும். கலந்தாய்வுப் பதிவுக் கட்டணம் 2025இல் பொதுப்பிரிவுக்கு 30,000 ரூபாய், இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 20,000. இது இடம் கிடைக்கும் முன்பே கட்ட வேண்டிய பணம்.

சான்றிதழில் இன்னொரு பொறி. நம் ஊரில் வாழ்நாளுக்கும் செல்லும் சாதிச் சான்றிதழை வைத்துக்கொண்டு மத்திய அரசின் ஓ.பி.சி. ஒதுக்கீட்டுக்கு விண்ணப்பிக்க முடியாது. கிரீமி லேயரில் (வசதி படைத்த பிரிவில்) இல்லை என்று தாசில்தார் தரும் தனிச் சான்றிதழ் வேண்டும், அதுவும் அந்த நிதியாண்டுக்குரியதாக இருக்க வேண்டும். இ-சேவையில் விண்ணப்பித்துக் கைக்கு வர வாரக்கணக்கில் ஆகலாம். தவிர, ஒவ்வொரு தேசியச் சட்டப் பல்கலைக்கழகமும் அதன் மாநில அரசின் சட்டத்தால் உருவானது. ஒதுக்கீட்டு விகிதமும் மண்ணின் மைந்தர் ஒதுக்கீடும் இடத்துக்கு இடம் மாறும். பெங்களூருவில் கர்நாடக மாணவர்களுக்கு 25 சதவீதம். திருச்சி நாவலூர் குட்டப்பட்டில் 2013இல் வகுப்புகள் தொடங்கிய தமிழ்நாடு தேசியச் சட்டப் பல்கலைக்கழகத்தில் நம் மாநில மாணவருக்குத் தனி ஒதுக்கீடு உண்டு. தமிழ்நாட்டு மாணவர் அகில இந்திய ரேங்க்கை மட்டும் பார்த்து மனம் தளர்ந்துவிடக் கூடாத இடம் அது. டெல்லி தேசியச் சட்டப் பல்கலைக்கழகம் கிளாட்டில் இல்லை. அதற்கு ஐலெட் என்ற தனித் தேர்வு.

அம்பேத்கர் சட்டப் பல்கலையின் சேர்க்கையில் நுழைவுத் தேர்வு கிடையாது. +2 முடிவுகள் வரும் காலத்தை ஒட்டி அறிவிப்பு வரும். பெருங்குடி வளாகத்தில் இயங்கும் சீர்மிகு சட்டப் பள்ளிக்கு ஒரு விண்ணப்பம், இணைவு பெற்ற அரசு சட்டக் கல்லூரிகளுக்கு வேறொரு விண்ணப்பம். ஒன்றைப் போட்டுவிட்டு இரண்டுக்கும் போட்டதாக நினைத்து உட்கார்ந்திருப்பவர்கள் எல்லா ஆண்டும் இருக்கிறார்கள். அரசு கல்லூரிகளுக்குத் தகுதி 45 சதவீதம், எஸ்.சி., எஸ்.டி. மாணவருக்கு 40, சீர்மிகு பள்ளியின் எல்லை அதைவிட மிக உயரம். 69 சதவீத இடஒதுக்கீடு அப்படியே பொருந்தும். 6 முதல் 12 வரை அரசுப் பள்ளியில் படித்தவர்களுக்கு 2021 சட்டப்படி 7.5 சதவீத உள்ஒதுக்கீடும் உண்டு. இதற்கு எல்லா வகுப்புக்கும் பள்ளித் தலைமையாசிரியரின் கையெழுத்து வேண்டும். இடையில் பள்ளி மாறியிருந்தால் இரண்டு பள்ளிகளிலும் வாங்க வேண்டும். அதை மே மாதத்தில் தேடினால் பள்ளி பூட்டியிருக்கும்.

எளிமையில் இந்தச் சேவைக்கு முழு மதிப்பெண் தரலாம். குறை வேறு இடத்தில். படித்து முடித்தவர்கள் எங்கே போனார்கள் என்று கேட்டால் கல்லூரிவாரியாகப் பதில் கிடைக்காது. எத்தனை பேர் வழக்கறிஞராகப் பதிவு செய்தார்கள், எத்தனை பேர் நீதிபதித் தேர்வில் வென்றார்கள் என்ற எளிய பட்டியல்கூட விண்ணப்பிக்கும் மாணவர் கண்ணில் படுவதில்லை. அரசு சட்டக் கல்லூரிகள் வேகமாகப் பெருகியிருக்கின்றன. 2017இல் விழுப்புரம், தருமபுரி, ராமநாதபுரம். 2019இல் சேலம், நாமக்கல், தேனி. ஊருக்குப் பக்கத்தில் கல்லூரி வந்தது பெரிய விஷயம்தான், குறிப்பாகப் பெண்களுக்கு. ஆனால் கட்டடம் வந்த வேகத்தில் ஆசிரியர்கள் வரவில்லை. சென்னையில் நிலைமை தலைகீழ். உயர் நீதிமன்ற வளாகத்தை ஒட்டி ஒரு நூற்றாண்டுக்கு மேல் இருந்த சட்டக் கல்லூரியை 2018இல் புதுப்பாக்கத்துக்கும் பட்டறைப்பெரும்புதூருக்கும் பிரித்து அனுப்பினார்கள். வகுப்பு முடிந்து நடந்துபோய் கோர்ட் ஹாலில் உட்கார்ந்து வாதம் கேட்கும் வசதி அதோடு போனது. அந்த இலவசப் பாடத்தை எந்தப் பாடத்திட்டமும் ஈடுசெய்யாது. சென்னையில் இடம் எடுப்பவர்கள் கலந்தாய்வுக்கு முன்பே பேருந்து நேரத்தைப் பார்த்துவிட வேண்டும்.

மூன்றாண்டு எல்.எல்.பி.க்கு வருபவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. பத்து, பன்னிரண்டு முடிக்காமல் நேரடியாகத் திறந்தநிலைப் பல்கலையில் பட்டம் வாங்கியிருந்தால், வழக்கறிஞர்களைப் பதிவு செய்யும் அமைப்பான பார் கவுன்சிலின் விதி ஏற்காது. சேர்ந்த பிறகு, பதிவு செய்யும் நாளில் இது வெளியே வந்தால் மூன்று ஆண்டும் வீண்.

இனி, விற்பவர்கள் அதிகம் பேசாத பகுதி. தேசியச் சட்டப் பல்கலைக்கழகங்களின் விளம்பரங்களில் வரும் சம்பளம் பெரும்பாலும் மும்பை, டெல்லி பெரிய நிறுவனங்களுடையது. சிரில் அமர்சந்த், ஷர்துல் அமர்சந்த், கேத்தான், ஏ.இசட்.பி., டிரைலீகல் போன்றவை புதியவர்களுக்கு ஆண்டுக்கு 15 லட்சத்துக்கு மேல் தருவது உண்மைதான். ஆனால் அந்த ஆட்சேர்ப்பு முன்னணிப் பல்கலைகளின் மேல்வரிசை மாணவர்களைச் சுற்றியே நடக்கும், நான்காம் ஆண்டிலேயே பெரும்பாலும் முடிந்துவிடும். அதற்கு முன் அந்த நிறுவனங்களில் இன்டர்ன்ஷிப் செய்திருக்க வேண்டும். நான்காம் ஆண்டில் விழித்துக்கொள்பவருக்கு ரயில் போய்விட்டது.

விளம்பரத்தைச் சரிபார்க்க ஒரு வழி இருக்கிறது. மத்திய அரசு வெளியிடும் என்.ஐ.ஆர்.எஃப். சட்டத் தரவரிசைக்காக ஒவ்வொரு கல்வி நிறுவனமும் தரும் தகவல் அறிக்கையைப் பல்கலையின் இணையதளத்தில் தேடி எடுங்கள். அதில் 'குறித்த காலத்தில் பட்டம் பெற்றோர்', 'வேலை பெற்றோர்', 'மேற்படிப்புக்குத் தேர்வானோர்', 'நடுநிலைச் சம்பளம்' (சம்பளங்களை வரிசைப்படுத்தினால் நடுவில் வருவது) என்று கட்டங்கள் இருக்கும். பட்டம் பெற்றோரிலிருந்து மற்ற இரண்டையும் கழியுங்கள். உதாரணமாக 100 பேரில் 50 பேருக்கு வேலை, 10 பேர் மேற்படிப்பு என்றால், 40 பேரைப் பற்றி அறிக்கை வாய் திறக்கவில்லை என்று பொருள். நடுநிலைச் சம்பளம் அந்த 50 பேருக்கு மட்டும் எடுத்தது. மௌனமான 40இல் கோர்ட்டுக்குப் போனவர்கள், நீதிபதித் தேர்வுக்குத் தயாராகிறவர்கள், சும்மா இருப்பவர்கள் எல்லாரும் சேர்ந்தே கிடப்பார்கள். சராசரியைப் பெரிய எழுத்தில் போட்டு நடுநிலையைச் சொல்லாத அறிக்கையை அப்படியே ஓரமாக வைத்துவிடலாம். நாலைந்து பெரிய சம்பளமே சராசரியைத் தூக்கிவிடும்.

இப்போது கடன் கணக்கு. கட்டணம், விடுதி எல்லாம் சேர்த்து ஆண்டுக்கு 2.4 லட்சம் என்று தாராளமாகக் குறைத்தே வைத்துக்கொள்வோம். ஐந்தாண்டுக்கு 12 லட்சம். வங்கி வட்டி 10 சதவீதம். படிப்புக் காலமும் அதன்பின் ஓராண்டும் தவணை கிடையாது, ஆனால் வட்டி ஓடும். ஆண்டுக்கு ஆண்டு 2.4 லட்சமாக வாங்கும் கடனுக்குத் தனிவட்டியாகப் போட்டாலே 4.8 லட்சம் கூடும். 16.8 லட்சத்தைப் பத்தாண்டில் அடைக்க மாதத் தவணை சுமார் 22,200 ரூபாய்.

இதன் பக்கத்தில் ஜூனியர் வழக்கறிஞரின் வருமானத்தை வையுங்கள். 2024 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம், சென்னை, மதுரை, கோவையில் ஜூனியர்களுக்கு மாதம் குறைந்தது 20,000, மற்ற இடங்களில் 15,000 தர வேண்டும் என்று சொன்னது. இந்திய பார் கவுன்சிலும் அதே ஆண்டு அக்டோபரில் நகரத்துக்கு 20,000, கிராமப்புறத்துக்கு 15,000 என்று பரிந்துரைத்தது. பரிந்துரை முழுதாக நடைமுறைக்கு வந்தாலும் தவணைக்கே போதாது. பல சேம்பர்களில் (சீனியர் வழக்கறிஞர் அலுவலகங்களில்) வருவது அதைவிடக் குறைவு. ஃபைலிங், நகல் மனு, வாய்தா வாங்குவது என்று ஓடிய நாளின் போக்குவரத்துச் செலவு கிடைத்தாலே சீனியர் நல்லவர் என்பார்கள். ஏழை இளம் வழக்கறிஞர்களுக்குத் தமிழ்நாடு அரசு 2020இல் தொடங்கிய உதவித்தொகை மாதம் 3,000, இரண்டு ஆண்டுக்கு.

ஆக, கடன் வாங்கித் தேசியப் பல்கலையில் படித்தவருக்கு வழக்காட ஆசை இருந்தாலும் கார்ப்பரேட் வேலையைத் தவிர வேறு வழி இருக்காது. சில ஆயிரம் ரூபாய் ஆண்டுக் கட்டணத்தில் அரசு கல்லூரியில் படித்தவருக்குப் பெரிய நிறுவனங்களின் கதவு திறக்காது. ஆனால் கோர்ட்டில் நின்று காத்திருக்க அவரால் முடியும். 2025 மே 20 அன்று சுப்ரீம் கோர்ட், கீழமை நீதிபதி பதவிக்குக் குறைந்தது மூன்றாண்டு வழக்கறிஞர் அனுபவம் வேண்டும் என்று மீண்டும் கொண்டுவந்தது. படித்து முடித்த கையோடு டி.என்.பி.எஸ்.சி. உரிமையியல் நீதிபதித் தேர்வு எழுதும் கனவோடு சேர்ந்தவர்களுக்கு அந்தத் தீர்ப்பு இடி. நம் மாநிலத்தில் அரசு உதவி வழக்கு நடத்துநர் பதவிக்கும் பல ஆண்டு குற்றவியல் கோர்ட் அனுபவம் கேட்கிறார்கள். அந்த அனுபவக் காலத்தைக் கடன் இல்லாமல் கடப்பவருக்கே இந்தப் பதவிகள் எட்டும்.

விதிவிலக்குகள் உண்டு. ஆண்டு வருமானம் 8 லட்சத்துக்குள் உள்ள எஸ்.சி. குடும்ப மாணவர், அறிவிக்கப்பட்ட பல்கலையில் இடம் பெற்றால் மத்திய அரசின் டாப் கிளாஸ் உதவித்தொகையில் முழுக் கல்விக் கட்டணமும் கிடைக்க வாய்ப்புண்டு. அவர்களுக்கு மேலே போட்ட கணக்கு பொருந்தாது, கிளாட் எழுதுவதே சரி. 4.5 லட்சத்துக்குள் வருமானம் என்றால் தவணை இல்லாக் காலத்தின் வட்டிக்கு மானியம் கேட்கலாம். வங்கி மேலாளர் தானாகச் சொல்லமாட்டார், விண்ணப்பத்தின்போதே கேட்டு எழுதிவாங்க வேண்டும்.

எந்த வாசலில் நுழைந்தாலும் கடைசிப் படி ஒன்றுதான். பதிவுக் கட்டணம் என்று ஆயிரக்கணக்கில் வசூலித்த காலம் போய்விட்டது. 2024 ஜூலை 30 தீர்ப்பின்படி பொதுப்பிரிவுக்கு 750, எஸ்.சி., எஸ்.டி.க்கு 125 ரூபாய்க்கு மேல் மாநில பார் கவுன்சில் கேட்கக் கூடாது. முத்திரைத்தாள் செலவு தனி. இதோடு, வழக்காடத் தேவையான அகில இந்திய பார் தேர்வு: 100 கேள்வி, தவறுக்குக் கழிவு இல்லை, 45 சதவீதம் எடுத்தால் போதும், எஸ்.சி., எஸ்.டி.க்கு 40. குறிப்பு எழுதாத சட்டப் புத்தகத்தைக் கொண்டுபோகலாம். ஆனால் ஓரத்தில் பென்சில் கோடு இருந்தாலும் அறைக் கண்காணிப்பாளர் பிடுங்கிவிடக்கூடும்; படித்துத் தேய்ந்த பிரதியை வீட்டில் விட்டுவிட்டுப் புதிதாக ஒன்று வாங்கிப் போங்கள். தண்டனைச் சட்டம் பழையது இருந்தால் பயனில்லை. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நியாய சன்ஹிதா, நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, சாக்ஷ்ய அதிநியம் மூன்றும் வேண்டும்.