பாட் சம்மிட்டைப் புரிந்துகொள்ள நாக்ஸ்வில்லில் ஓர் அரை நாள்

அமெரிக்காவின் டென்னசி மாநிலத்திலுள்ள நாக்ஸ்வில் நகரில், 1999 ஜூன் மாதம் திறக்கப்பட்ட மகளிர் கூடைப்பந்துப் புகழ் அரங்கம் என்ற அருங்காட்சியகத்துக்கு வழி கேட்க வேண்டிய தேவையே இராது. 30 அடி உயரமும் 10 டன் எடையும் கொண்ட ஒரு கூடைப்பந்து அதன் முகப்பில் நிற்கிறது. வெளியே படம் எடுத்துக்கொண்டு திரும்பிவிடுவோரும் உண்டு. உள்ளே இருப்பதோடு ஒப்பிட்டால் அந்தப் பந்து வெறும் விளம்பரப் பலகைதான்.

நான் அங்கே சென்றது பாட் சம்மிட்டுக்காக. டென்னசி பல்கலைக்கழக மகளிர் அணியை 38 பருவங்கள் பயிற்றுவித்து, 1,098 வெற்றிகளையும் எட்டு தேசியப் பட்டங்களையும் பெற்றவர் அவர். ஆனால் அவரைப் பற்றியதை மட்டும் தேடிப் பார்த்துவிட்டு வருவது இந்த அருங்காட்சியகத்தைப் பார்க்கும் முறை அன்று என்பதே என் கருத்து. செண்டா பெரன்சனின் அசைந்து பேசும் உருவத்திலிருந்து தொடங்க வேண்டும். ஆண்களுக்கான ஆட்டம் பிறந்த மறு ஆண்டே, 1892இல், ஸ்மித் கல்லூரிப் பெண்களுக்கு அதைக் கற்றுத்தந்த அவர், ஆடுகளத்தை மூன்று பகுதிகளாகப் பிரித்து, எவரும் தம் கோட்டைத் தாண்டக் கூடாது என்று விதித்தார். பெண்களின் உடல் ஓட்டத்தைத் தாங்காது என்று நம்பிய காலத்தில், ஆட்டத்தை நடத்த அனுமதி பெறுவதற்கு அந்தக் கோடுகள் தேவைப்பட்டன. பிற்காலத்தில் அதே கோடுகள் தளையாக மாறியதுதான் விந்தை.

அதன்பின் ஆல் அமெரிக்கன் ரெட் ஹெட்ஸ் அணியினர் ஊர் ஊராகச் சென்ற நீண்ட காரின் முன் சிறிது நேரம் நிற்கலாம். 1936 முதல் 1986 வரை, தலைமுடிக்குச் சிவப்புச் சாயம் பூசிக்கொண்டு, ஆண்களின் விதிகளின்படியே ஆண்களின் அணிகளை எதிர்த்து ஆடிய பெண்கள் இவர்கள். விளையாட்டைப் பிழைப்பாகக் கொள்ள விரும்பிய பெண்ணுக்கு அந்நாளில் இருந்த வழிகளுள் அந்தக் காரும் ஒன்று.

இவற்றைப் பார்த்தபின்தான் சம்மிட்டின் தொடக்கம் எவ்வளவு எளியது என்பதும், ஏன் அது பெரியது என்பதும் விளங்குகின்றன. உள்ளூர்ப் பள்ளியில் பெண்களுக்கு அணி இல்லாததால், மகள் ஆடுவதற்காகவே குடும்பம் ஹென்ரியட்டா என்ற ஊருக்குக் குடிபெயர்ந்தது. 1974இல், தம் 22ஆம் வயதில், மாதம் 250 டாலர் ஊதியத்துக்குத் தலைமைப் பயிற்றுநரான அவர் அணியின் சீருடைகளைத் துவைத்தார். வெளியூர் ஆட்டங்களுக்கு வேனை ஓட்டினார். முதல் ஆட்டத்தில் மெர்சர் அணியிடம் 84–83 என ஒரு புள்ளியில் தோற்றார். முழங்கால் காயத்திலிருந்து மீண்டு, மகளிர் கூடைப்பந்து முதன்முதலாக ஒலிம்பிக்கில் இடம்பெற்ற 1976இல் மான்ட்ரியலில் ஆட்டக்காரராக வெள்ளி வென்றவர், 1984இல் லாஸ் ஏஞ்சலிஸில் பயிற்றுநராகத் தங்கம் வென்றார். பட்டங்களைவிட என்னை வியக்கவைப்பது வேறொன்று: அவரிடம் தம் ஆட்டக்காலத்தை நிறைவுசெய்த மாணவியர் அனைவரும் பட்டப்படிப்பையும் முடித்தனர்.

அரங்கத்தில் எனக்கு மிகவும் பிடித்தது, உடைமாற்றும் அறை போல அமைக்கப்பட்ட பகுதி. இடைவேளையில் முன்னணிப் பயிற்றுநர்கள் தம் அணியிடம் பேசும் பேச்சை அங்கே அமர்ந்து கேட்கலாம். பயிற்றுநரின் வேலையைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துக் காட்ட முடியாது; குரலாகக் கேட்டால்தான் அது பிடிபடும். குழந்தைகளுடன் செல்வோர் பந்து தட்டியும் எறிந்தும் பழகும் ஆடுகளத்தைக் கடைசிக்கு வைத்துக்கொள்வது நல்லது. முதலில் அங்கே போய்விட்டால் மற்றவற்றைப் பார்க்க வாய்ப்பில்லை. புள்ளிவிவரங்களில் மட்டும் ஆர்வமுள்ளவர்களுக்கு இந்தப் பயணத்தை நான் பரிந்துரைக்க மாட்டேன். அவை வீட்டிலிருந்தே கிடைக்கும்.

நேரமிருந்தால் பல்கலைக்கழக வளாகத்துக்கும் சென்று வரலாம். 2005இல் சம்மிட் தம் 880ஆவது வெற்றியால் ஆண்கள் கல்லூரி அணியின் பயிற்றுநர் டீன் ஸ்மித்தின் வெற்றிச் சாதனையைக் கடந்தபோது, அங்குள்ள தாம்சன்–போலிங் விளையாட்டரங்கின் ஆடுதளத்துக்கு அவர் பெயரைச் சூட்டினர். 2011இல் தமக்கு அல்சைமர் நோய் இருப்பதை வெளிப்படையாக அறிவித்த பிறகும், மேலும் ஒரு பருவம் முழுவதும் அவர் அணியுடன் இருந்தது அந்தத் தளத்தின் ஓரத்தில்தான்.