ப்ரொய்சனா, நில்சனா: யாரிடமிருந்து தொடங்குவது?

நார்வேயின் பாடல் மரபைக் கேட்கத் தொடங்குபவர்களுக்கு இரண்டு பெயர்களைச் சொல்வேன்.

ஆல்ஃப் ப்ரொய்சன் (1914–1970) ரிங்சாக்கரில் குத்தகைக் குடியானவர் வீட்டில் பிறந்து, பண்ணையாளாக உழைத்தவர். பிறந்த மண்ணின் வட்டார வழக்கிலேயே எழுதினார். கதைகளும் எழுதியவர், தேக்கரண்டி அளவுக்குச் சுருங்கிவிடும் கிழவி அவருடைய படைப்புதான். அவருடைய புகழ்பெற்ற பாடலொன்றில், நாளைய பொழுது வெற்றுத் தாள்களோடும் வண்ணக் குச்சிகளோடும் ஒரு சிறுவனுக்காகக் காத்திருக்கிறது. இத்தனை எளிய சொற்களில் இவ்வளவு ஆறுதல் தருவது பெரிய கலை.

லில்லெபியோர்ன் நில்சன் (1950–2024) ஆஸ்லோ நகரத்துக்காரர், கிட்டார் கைவந்தவர். அமெரிக்க நாட்டுப்புறப் பாடகர் பீட் சீகரின் பாடலொன்றை 'வானவில்லின் பிள்ளைகள்' என்ற பொருளில் நார்வேஜிய மொழியில் தந்தார். 2011 ஜூலை 22 அன்று நார்வேயில் 77 பேரைக் கொன்றவன், நீதிமன்றத்தில் அந்தப் பாடலைப் பழித்தான். அதற்குப் பதிலடியாக, 2012 ஏப்ரல் 26 அன்று ஆஸ்லோவின் யங்ஸ்தோர்கெட் சதுக்கத்தில், கொட்டும் மழையில், ஏறத்தாழ 40,000 பேர் நில்சனோடு சேர்ந்து அதைப் பாடினார்கள். ஒரு பாட்டுக்கு இதைவிடப் பெரிய மரியாதை எது?

மொழி தெரியாதவர்கள் நில்சனிடம் தொடங்கலாம். மெட்டும் கிட்டாரும் கைப்பிடித்து அழைத்துச் செல்லும். ஆனாலும் என் மனம் ப்ரொய்சன் பக்கமே சாய்கிறது. மொழிபெயர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு, அவருடைய குரலிலேயே கேளுங்கள்.