சிம்மக்கல்லில் ஜப்பானிய வரலாறு: ஒரு மாலை வகுப்பு

மதுரை சிம்மக்கல் பகுதியில் உள்ள ஒரு தனிப்பயிற்சி நிலையம் சனிக்கிழமை மாலைகளில் நடத்தும் உலக வரலாற்று வகுப்பில், மேலைநாட்டு வணிகத்துக்குக் கதவு திறந்த பின் ஜப்பானியச் சமூகம் மாறிய விதம் குறித்த பகுதியை முழுவதும் கேட்டேன். போட்டித் தேர்வு எழுதுவோருக்காகத் தொடங்கப்பட்டதென்றாலும், இது ஆண்டுகளை மனப்பாடம் செய்ய வைக்கும் வகுப்பு அன்று.

1853-இல் அமெரிக்கத் தளபதி பெரி நான்கு போர்க்கப்பல்களுடன் வந்ததைச் சுருக்கமாக முடித்துவிட்டு, 1859-இல் யோகோஹாமா துறைமுகம் திறக்கப்பட்டதும் சந்தையில் நடந்தவற்றுக்கு ஆசிரியர் வந்துவிடுகிறார். வகுப்பின் பலமே அதுதான். மேசையில் சில்லறைக் காசுகளை அடுக்கி அவர் கணக்கை விளக்கினார்: ஒரு மெக்சிகோ வெள்ளி டாலருக்கு மூன்று இச்சிபு வெள்ளிக் காசுகள், நான்கு இச்சிபுவுக்கு ஒரு கோபான் பொற்காசு, அந்தப் பொற்காசை வெளிநாட்டில் விற்றால் ஏறத்தாழ நான்கு டாலர். நான்கு டாலருடன் வந்த வணிகன் பன்னிரண்டு டாலருடன் திரும்பலாம். இப்படித் தங்கம் வெளியேறியதும், அதைத் தடுக்க 1860-இல் நாட்டை ஆண்ட படைத்தலைவரான ஷோகனின் அரசு பொற்காசைச் சிறிதாக்கியதும், விலைவாசி ஏறிக் போர்வீரர் வகுப்பைச் சேர்ந்த கீழ்நிலைச் சாமுராய்களும் நகர ஏழைகளும் திணறியதும் ஒரே சங்கிலியாக விளங்கிவிடுகின்றன. 1868-இல் ஷோகன் ஆட்சி கவிழ்ந்ததன் பின்னணி அதன்பிறகே எனக்குப் பிடிபட்டது.

1873-ஆம் ஆண்டு நிலவரிச் சீர்திருத்தத்தையும் அவர் நன்றாகவே நடத்தினார். அதுவரை அரிசியாக அளந்த வரியை, நிலமதிப்பில் நூற்றுக்கு மூன்று என்று ரொக்கமாகக் கட்ட வேண்டியிருந்ததால், விளைச்சல் பொய்த்த ஆண்டிலும் உழவனுக்குச் சலுகை இல்லை. 1876-இல் சாமுராய்கள் வாள் தரிப்பது தடைசெய்யப்பட்டதற்கு இவ்வளவு நேரம் செலவிடாதது சரியே.

குறை ஒன்று உண்டு, அது சிறியதன்று. ஏற்றுமதியில் பட்டே முதலிடம் பெற்றிருந்தும், 1872-இல் தொடங்கிய தொமியோகா பட்டாலையில் நூற்ற இளம்பெண்களைப் பற்றி ஓரிரு வாக்கியங்களே வந்தன. தொடக்கத்தில் அங்கு சேர்ந்தவர்களில் சாமுராய் குடும்பப் பெண்கள் பலர் இருந்தனர் என்பதே எவ்வளவு பெரிய சமூக மாற்றம்! இறக்குமதி நூலும் துணியும் அந்நாட்டுப் பருத்தித் தொழிலை நெருக்கியதும் விடுபட்டுப்போயிற்று. ஆலைச் சங்கொலியைக் கேட்டு வளர்ந்தவர்களும், கைத்தறிக் குடும்பத்துப் பிள்ளைகளும் அமர்ந்திருக்கும் மதுரை வகுப்பில் இவற்றுக்கு ஒரு முழு மாலையை ஒதுக்கியிருக்க வேண்டும். கட்டணம் நியாயமானதே, அடுத்த அணியில் சேர விரும்புவோர் இந்தப் பகுதியை விரித்து நடத்துமாறு முதல் வாரமே கேட்டுவிடுவது நல்லது.