டைக்கிரி: குலுக்கியதா, அரைத்ததா, ஹெமிங்வேயுடையதா?

சென்னை பார்களில் டைக்கிரி என்ற ரம் காக்டெயிலைக் கேட்டால், பல இடங்களில் ஸ்ட்ராபெரி சிரப் ஊற்றி மிக்சியில் அடித்த சிவப்புக் கூழைத்தான் கொண்டுவந்து வைக்கிறார்கள். அதைக் குடித்துவிட்டு, 'ஒரே தித்திப்பு' என்று டைக்கிரியையே ஒதுக்கியவர்கள் நிறையப் பேர். அவர்கள் அசல் டைக்கிரியை ஒரு முறையாவது குடித்துப் பார்க்க வேண்டும்.

கியூபாவில் சாந்தியாகோ நகருக்கு அருகே உள்ள சுரங்கப் பகுதி டைக்கிரி. 1898 வாக்கில் அங்கே வேலை பார்த்த அமெரிக்கப் பொறியாளர் ஜென்னிங்ஸ் காக்ஸ்தான் இந்தப் பானத்தைக் கலந்தார் என்பார்கள். ரம்மில் எலுமிச்சையும் சர்க்கரையும் சேர்ப்பது அவருக்கு வெகுகாலம் முன்பே மாலுமிகளுக்குப் பழக்கம்தான். பெயரும் புகழும் மட்டும் அந்த ஊருக்குப் போயின.

இன்றைய அளவு: வெள்ளை ரம் 60 மில்லி, எலுமிச்சைச் சாறு 20 மில்லி, இரண்டு சின்னக் கரண்டி பொடிச் சர்க்கரை. ஐஸோடு நன்றாகக் குலுக்கி வடிகட்ட வேண்டும். இதில் ஒளித்து வைக்க எதுவும் இல்லை. பழம் சரியில்லை என்றால் முதல் வாயிலேயே தெரிந்துவிடும். நம் ஊருக்கு இங்கேதான் அதிர்ஷ்டம். கோயம்பேட்டில் குவியும் மெல்லிய தோல் நாட்டு எலுமிச்சை, கரீபியன் தீவுகளில் பிழியும் சின்னப் பழத்தின் இனமேதான். வெளிநாட்டு பார்களில் பெரும்பாலும் புழங்கும் பெரிய, விதையில்லாப் பழத்தைவிட இதற்குப் புளிப்பும் மணமும் கூர்மை. சித்திரை வெயிலில் விலை ஏறும்தான், ஆனால் ஒரு கோப்பைக்கு ஒன்றிரண்டு பழம் போதும். கறுப்பு ரம் மட்டும் வேண்டாம். அதன் வனிலா வாசம் எலுமிச்சையை அமுக்கிவிடும்.

அரைத்த வகைக்குப் பெயர் வாங்கித் தந்தது ஹவானாவின் எல் ஃப்ளோரிதீத்தா பாரும், அதை நடத்திய கான்ஸ்தாந்தினோ ரிபலாய்குவாவும். நம் புழுக்கத்துக்கு அது இதமாக இருக்கும் என்பதை மறுக்க முடியாது. ஆனால் சில்லிப்பு ஏற ஏற நாக்கில் இனிப்பு மங்கும். அதை ஈடுகட்டச் சர்க்கரையைக் கொட்டுவார்கள். ஐஸ் கரைந்ததும் மிஞ்சுவது சர்க்கரைத் தண்ணீர்.

அதே பாரின் வாடிக்கையாளரான அமெரிக்க எழுத்தாளர் எர்னஸ்ட் ஹெமிங்வே, சர்க்கரையே இல்லாமல் இரட்டிப்பு ரம் கேட்டார். அதிலிருந்து கிளைத்த வகையில் கிரேப்ஃப்ரூட் சாறும் மராஸ்கினோ என்ற செர்ரி மதுவும் சேரும். மூன்றில் மிகவும் சுவாரசியமானது இதுதான், ஆனால் இரண்டு பொருளுமே இங்கே எளிதில் அகப்படாது. கிரேப்ஃப்ரூட்டின் தாய்ப்பழமான பம்பளிமாசைப் பிழிந்து பாருங்கள். கசப்பு குறைந்தாலும் நன்றாகவே சேரும். மராஸ்கினோவுக்கு மட்டும் எனக்குத் தெரிந்து மாற்று இல்லை.

என் ஓட்டு குலுக்கியதற்கே. ஆர்டர் கொடுக்கும் முன் பழம் பிழிகிறீர்களா, பாட்டில் சாறா என்று கேட்டுவிடுங்கள். பாட்டில் என்றால் வேறு ஏதாவது சொல்லிக்கொள்ளுங்கள்.