நாட்ஸ் அப்ரண்டிஸ் பதிவு: சேலத்தில் ஒரு வருடம் முழுசாக முடித்த பிறகு

2024 செப்டம்பர் 16 அன்று என் அப்ரண்டிஸ் ஒப்பந்தம் தொடங்கி, 2025 செப்டம்பர் 15 அன்று முடிந்தது. நாட்ஸ் என்று எல்லோரும் சொல்கிற தேசிய தொழிற்பழகுநர் பயிற்சித் திட்டம்தான். கருப்பூர் பக்கம் உள்ள ஒரு டிரான்ஸ்பார்மர் கம்பெனியில் பயிற்சி. படிப்பு பி.இ. ட்ரிபிள் ஈ (எலக்ட்ரிக்கல் அண்ட் எலக்ட்ரானிக்ஸ்), 2023 பேட்ச். வீடு ஓமலூரை அடுத்து.

பதிவு செய்த வாரமே உட்கார்ந்து எழுதியிருந்தால் எந்தப் பக்கத்தில் எந்தப் பட்டனை அழுத்த வேண்டும் என்று மட்டும் எழுதியிருப்பேன். இப்போது சர்டிபிகேட் கையில் இருக்கிறது. திரும்பிப் பார்த்தால், பட்டன்கள் எல்லாம் சின்ன விஷயம். கம்பெனியோடு போடும் அப்ரண்டிஸ் ஒப்பந்தத்துக்குப் பதிவு எண் வந்ததா, எந்தத் தேதிக்கு வந்தது என்பதுதான் எல்லாம். அதை நான் கற்றுக்கொண்டது நல்ல விதமாக இல்லை, அதனால் அங்கிருந்தே தொடங்குகிறேன்.

2023 அக்டோபரில் ஸ்டெபிலைசர் செய்கிற ஒரு சின்னப் பட்டறையில் "அப்ரண்டிஸ்" என்று சேர்ந்தேன். நாட்ஸ் போர்ட்டல், ஒப்பந்தம் எல்லாம் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம், முதலில் வேலையைக் கற்றுக்கொள் என்றார்கள். நானும் சரி என்றேன். மாதம் 6000 ரூபாய், கவரில் போட்டுக் கையில் கொடுப்பார்கள். இரண்டாவது மாதம், கோருக்கு, அதாவது காயில் சுற்றும் இரும்பு நடுப்பகுதிக்கு, அடுக்குகிற சிலிக்கான் ஸ்டீல் தகட்டை வெறும் கையால் இழுத்தபோது உள்ளங்கை கிழிந்து மூன்று தையல் போட வேண்டியதாயிற்று. அந்தத் தகட்டின் ஓரம் பிளேடு மாதிரி இருக்கும், கையுறை யாரும் கொடுக்கவில்லை. முதலாளி 500 ரூபாய் கொடுத்து, "மருந்துக்கு வெச்சுக்கோ பாப்பா" என்றார். மீதிச் செலவு அப்பாவுடையது. தொழிற்பழகுநர் சட்டப்படி, பயிற்சியில் இருப்பவருக்குக் காயம் பட்டால் இழப்பீடு கொடுக்க வேண்டிய பொறுப்பு முதலாளிக்கு உண்டு. ஆனால் நான் பயிற்சியில் இருந்தேன் என்பதற்கு என்னிடம் ஒரு துண்டுக் காகிதம் கூட இல்லை. டிசம்பரோடு நின்றுவிட்டேன். அந்த மாதங்கள் எந்தக் கணக்கிலும் வராது.

பெரியப்பா மகன் கனடாவில் வாட்டர்லூவில் படிக்கிறான். அங்கே இதற்கு கோ-ஆப் என்று பெயர். நாலு மாதம் வகுப்பு, நாலு மாதம் கம்பெனியில் வேலை என்று மாறி மாறிப் படிப்புக்குள்ளேயே வரும். 1957-ல் அந்தப் பல்கலைக்கழகம் ஆரம்பித்ததே இந்த முறையோடுதான் என்றான். அதற்கும் முன்னால் 1906-லேயே அமெரிக்காவின் சின்சினாட்டியில் இது தொடங்கிவிட்டது. ரெஸ்யூமே எழுதுவது, நேர்காணலுக்குத் தயாராவது எல்லாம் அவர்களுக்குப் படிக்கும்போதே சொல்லித் தருகிறார்கள். நம் ஊரில் அதற்கு நெருக்கமாக இருப்பது பாலிடெக்னிக்குகளில் உள்ள மூன்றரை வருட சாண்ட்விச் டிப்ளமோ. மற்றவர்களுக்குப் படிப்பு முடிந்த பிறகு இந்த ஒரு வருட அப்ரண்டிஸ்தான். சட்டம் 1961-ல் வந்தது. பட்டதாரிகளையும் டிப்ளமோ முடித்தவர்களையும் சேர்த்தது 1973 திருத்தம். ஐம்பது வருடமாக இருக்கிற ஒன்றைப் பற்றி நாலு வருடக் கல்லூரியில் யாரும் எனக்கு ஒரு மணி நேரம் உட்கார வைத்துச் சொல்லவில்லை. இதில் எனக்கு இன்னமும் வருத்தம்தான்.

சரி, தயாரிப்புக்கு வருகிறேன். நாள் அதிகம் எடுத்தது பெயர்தான். பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்றிதழில் என் பெயருக்குப் பின்னால் ஒற்றை இனிஷியல். ஆதாரில் அப்பா பெயர் முழுசாக இருக்கிறது. பாஸ்புக்கில் இனிஷியல் முன்னால், புள்ளியோடு. மூன்றும் நான்தான், ஆனால் கம்ப்யூட்டருக்கு மூன்று பேர். தமிழ்நாட்டில் பாதிப் பேருக்கு இந்தக் கதை இருக்கும். கல்லூரிச் சான்றிதழ்கள் எல்லாம் பத்தாம் வகுப்புப் பெயரைப் பின்பற்றித்தான் வருகின்றன. அதனால் அதை அப்படியே வைத்துக்கொண்டு, ஆதாரை அதற்கு ஒத்துப்போகிற மாதிரி மாற்றுவதுதான் சுலபம். ஆதார் மையத்தில் அப்போது 50 ரூபாய் கட்டணம். ஒரு விஷயம் கவனம்: ஆதாரில் பெயரை வாழ்நாளில் இரண்டு முறைதான் மாற்ற முடியும். விண்ணப்பத்தில் எழுதும்போது எழுத்து எழுத்தாக, இடைவெளி உட்பட, சான்றிதழைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பார்த்து எழுதுங்கள். ஆதார் மாறி வந்த பிறகு பேங்கில் கே.ஒய்.சி. புதுப்பித்தேன். இந்த வரிசையில் செய்தால் ஒரே சுற்றில் முடியும். என் தோழி முதலில் பேங்க்கை மாற்றிவிட்டு அப்புறம் ஆதாருக்குப் போனாள், திரும்பவும் பேங்குக்கு நடக்க வேண்டியதாயிற்று.

போர்ட்டல் 2024 நடுவில் புதிதாக மாறியிருந்தது. ஆதார் ஓ.டி.பி., படிப்பு விவரம், சான்றிதழ் பதிவேற்றம், பேங்க் விவரம். எல்லாம் தயாராக இருந்தால் ஒரு மாலை நேர வேலை. மொபைலில் செய்தபோது பாதியில் நின்றது, கம்ப்யூட்டரில் ஒழுங்காக முடிந்தது. அவ்வளவுதான், இதில் சொல்ல வேறொன்றும் இல்லை.

முடித்ததும் ஒரு பதிவு எண் வரும். இது ஒப்பந்தப் பதிவு எண் இல்லை, அது வேறு. இங்கேதான் என் வகுப்பில் பாதிப் பேர் நின்றுவிட்டார்கள். எண் வந்துவிட்டது, இனி கூப்பிடுவார்கள் என்று காத்திருந்தார்கள். யாரும் கூப்பிடவில்லை. அந்த எண், நீங்கள் இருக்கிறீர்கள் என்பதற்கு மட்டும்தான். கம்பெனிகள் போடும் அறிவிப்புகளைத் தேடி நாம்தான் தனித்தனியாக விண்ணப்பிக்க வேண்டும். அரசுப் போக்குவரத்துக் கழகம் மாதிரி பெரிய இடங்கள் அறிவிப்பு போட்டு மதிப்பெண் பார்த்து எடுக்கிறார்கள். சின்னக் கம்பெனிகளில் பல பேர் பதிவு மட்டும் செய்துவிட்டு அறிவிப்பு போடாமலே இருப்பார்கள். அவர்களிடம் நேரில் போய்க் கேட்க வேண்டும். நான் பயோடேட்டாவை ஒரே பக்கத்தில் எடுத்துக்கொண்டு ஒன்பது கம்பெனி கேட்டுக்குப் போனேன். நாலு இடத்தில் வாட்ச்மேனோடு சரி. மூன்று இடத்தில் வாங்கி வைத்துக்கொண்டார்கள். இரண்டு இடத்தில் உள்ளே கூப்பிட்டார்கள்.

அதில் ஒன்றுதான் நான் பயிற்சி எடுத்த டிரான்ஸ்பார்மர் கம்பெனி. அங்கே நேர்காணல் இருபது நிமிடம். ஆப்டிடியூட் கேள்விகளை மாதக்கணக்கில் படித்து வைத்திருந்தேன், ஒன்றும் கேட்கவில்லை. விநியோக டிரான்ஸ்பார்மருக்கு என்ன வெக்டார் குரூப் (இரண்டு பக்கச் சுற்றுகளும் எப்படி இணைந்திருக்கின்றன என்பதற்கான குறியீடு), மெக்கர் (இன்சுலேஷன் எதிர்ப்பை அளக்கும் கருவி) எதற்கு வைக்கிறோம், ப்ரீதரில் (உள்ளே போகும் காற்றின் ஈரத்தை எடுக்கும் பாகம்) இருக்கும் சிலிக்கா ஜெல் ஏன் நீலத்திலிருந்து இளஞ்சிவப்பாக மாறுகிறது. டி.ஒய்.என். 11 என்று சொன்னேன். எச்.வி. (உயர் மின்னழுத்தம்) பக்கம் டெல்டா, எல்.வி. (தாழ் மின்னழுத்தம்) பக்கம் ஸ்டார், அந்த 11 எதைக் குறிக்கிறது என்று அடுத்து கேட்டார்கள். 30 டிகிரி வித்தியாசம் என்று சொன்னேன், படம் போடச் சொன்னார்கள், போட்டேன். நேர்காணலுக்குப் போகிறவர்கள் அந்தக் கம்பெனி என்ன செய்கிறதோ அந்த ஒரு பொருளைப் பற்றி மட்டும் இரண்டு நாள் ஒழுங்காகப் படித்துக்கொண்டு போங்கள், போதும்.

எடுத்துக்கொள்கிறோம் என்றதும், "ஒப்பந்தம் ஆன பிறகு வந்து சேர்கிறேன் சார்" என்றேன். சொல்லும்போது கை நடுங்கியது. கிடைத்த இடம் போய்விடுமோ என்ற பயம். அவர் கொஞ்சம் பார்த்துவிட்டு, "சரிம்மா, பத்து நாள் ஆகும்" என்றார். கம்பெனி ஒப்பந்தத்தை ஆன்லைனில் உருவாக்கி, நான் ஒப்புக்கொண்டு, சென்னை தரமணியில் உள்ள தென் மண்டல தொழிற்பழகுநர் பயிற்சி வாரியத்துக்குப் போய், ஒப்பந்தப் பதிவு எண் வர பதினோரு நாள் ஆனது. அதில் தொடக்கத் தேதி, முடியும் தேதி, உதவித்தொகை எல்லாம் இருக்கும். நான் பி.டி.எஃப். எடுத்து அப்பாவுக்கும் அனுப்பி வைத்தேன்.

வேலையைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தால் நிற்காது. ஒன்று மட்டும் சொல்கிறேன். மூன்றாவது மாதம் டெஸ்டிங்கில் போட்டார்கள். எண்ணெயின் பி.டி.வி. பார்ப்பது, அதாவது எத்தனை கே.வி. (கிலோவோல்ட்) வரை எண்ணெய் தாங்குகிறது என்று. ஒரு கப்பில் இரண்டு எலக்ட்ரோடு, நடுவில் 2.5 மில்லிமீட்டர் இடைவெளி. எண்ணெயை ஊற்றி, குமிழி அடங்கும் வரை காத்திருந்து, மின்னழுத்தத்தை மெதுவாக ஏற்ற வேண்டும். ஒரு இடத்தில் டப் என்று பொறி தாவும். அந்த அளவைக் குறித்துக்கொண்டு ஆறு முறை எடுத்து சராசரி போட வேண்டும். ஏற்காடு பக்கமிருந்து கோடை இடிக்கு எரிந்து வந்த ஒரு டிரான்ஸ்பார்மர், காயில் மாற்றி, புது எண்ணெயை ஃபில்டர் செய்து ஊற்றியது. 60-க்கு மேல் வர வேண்டும். எனக்கு 38 வந்தது. அடுத்தது 35. எண்ணெய் கெட்டுப்போயிருக்கிறது என்று ரிப்போர்ட் எழுதப் போனேன். இருபது வருடமாக அங்கே இருக்கிற அண்ணா ஒருவர் வந்து கப்பைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "பாப்பா, கப்பை எதுல தொடச்ச?" என்றார். பனியன் வேஸ்டில், அதாவது பழைய பனியன் துணித் துண்டில், துடைத்திருந்தேன். "எண்ணெய் நல்ல எண்ணெய்தான். உன் கப்புலதான் நூல் இருக்கு, பாரு" என்றார். கண்ணை இடுக்கிப் பார்த்தால் மயிரிழை மாதிரி ஒரு நார் எலக்ட்ரோடுக்குப் பக்கத்தில் மிதந்துகொண்டிருந்தது. கப்பை அதே எண்ணெயால் இரண்டு முறை அலசிவிட்டு, துடைக்காமல் ஊற்றினோம். 64 வந்தது. அன்றிலிருந்து ஒரு 200 பக்க நோட்டு போட்டு, ஒவ்வொரு நாளும் என்ன செய்தேன், எங்கே தவறு வந்தது என்று எழுத ஆரம்பித்தேன். கம்பெனி போர்ட்டலில் ஏற்றும் முன்னேற்றக் குறிப்பு வேறு, இது வேறு. அப்புறம் நான் போன நேர்காணல்களில் சர்டிபிகேட்டைவிட இந்த நோட்டைத்தான் அதிக நேரம் புரட்டினார்கள்.

பணம். நான் சேர்ந்தபோது பட்டதாரிக்குக் குறைந்தபட்சம் மாதம் 9000, டிப்ளமோவுக்கு 8000. அந்தக் குறைந்தபட்சத்தில் பாதி அரசின் பங்கு, அது நேராக நம் கணக்குக்கு வரும். கம்பெனி கொடுக்க வேண்டிய 4500 முதல் மாதத்திலிருந்தே சரியாக வந்தது. அரசின் 4500 மூன்று மாதம் வரவே இல்லை. போர்ட்டலில் போய்ப் பார்த்தால் செலுத்தப்பட்டது என்று காட்டுகிறது. கம்பெனியில் கேட்டால் எங்கள் பக்கம் முடிந்தது என்கிறார்கள். கணக்கு வைத்திருந்த பேங்கில் இரண்டு முறை போய் நின்றேன், எங்களுக்கு எதுவும் வரவில்லை என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். எங்கே போயிருக்கும் என்று யாரும் சொல்லவில்லை.

நானே தேடிக் கண்டுபிடித்தது இதுதான். இந்த வகைப் பணம் நாம் எழுதிக் கொடுத்த கணக்கு எண்ணுக்கு வருவதில்லை. ஆதார் கடைசியாக எந்த பேங்கோடு சீடிங் ஆகியிருக்கிறதோ, அதாவது இணைக்கப்பட்டிருக்கிறதோ, அங்கே போகும். ஒரு நேரத்தில் ஒரு பேங்க்தான். ஆதார் இணையதளத்தில் பேங்க் சீடிங் நிலை என்று ஒன்று இருக்கிறது, அதில் பார்த்தேன். வேறு பேங்கின் பெயர் வந்தது. ஒன்பதாம் வகுப்பில் ஸ்காலர்ஷிப்புக்காக ஊரில் திறந்த கணக்கு, எனக்கு மறந்தே போயிருந்தது. அம்மாவுக்கு மறக்கவில்லை. பீரோவில் ரேஷன் கார்டுக்கு அடியில், ரப்பர் பேண்ட் ஒட்டிக் கிடந்த பாஸ்புக்கை எடுத்துக் கொடுத்தார். மறுநாள் அந்தக் கிளையில் பிரிண்டரில் விட்டபோது, பழைய ஸ்காலர்ஷிப் வரிகளுக்குக் கீழே 4500, 4500, 4500 என்று மூன்று வரி விழுந்தது. அதைக் கையில் வாங்கியபோது அழுகை வந்துவிட்டது. அதனால் பதிவு செய்யும் முன்பே, பெயரைச் சரிசெய்கிற அதே வாரத்தில், இந்த சீடிங்கையும் பார்த்துவிடுங்கள்.

9000 போதுமா என்று கேட்பார்கள். எனக்குப் போதியது, ஏனென்றால் வீட்டிலிருந்து போனேன், டவுன் பஸ்ஸில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை, மதியம் வீட்டுச் சாப்பாடு. மாலையில் எப்போதாவது ஒரு தட்டுவடை செட், அதுதான் கைச்செலவு. சேலத்தில் ரூம் எடுத்துத் தங்கி இதே பணத்தில் ஓட்டுவது கஷ்டம். என்னோடு இருந்த ஒரு பையன் ஆறாவது மாதம் நின்றுவிட்டான், அவன் மேல் தப்பில்லை. வெளியூரிலிருந்து வருகிறவர்களுக்கு இந்தத் தொகை நியாயமில்லை என்றுதான் இப்போதும் நினைக்கிறேன்.

இன்னும் இரண்டு விஷயம் தெரிந்துகொண்டு இறங்குங்கள். ஒருமுறை இந்தப் பயிற்சியை முடித்தவர் மறுபடி சேர முடியாது. படிப்புக்குப் பிறகு ஒரு வருடத்துக்கு மேல் வேலை அனுபவம் இருந்தாலும் எடுக்க மாட்டார்கள். ஆகவே கிடைத்த முதல் இடம் என்று ஓடாமல், என்ன கற்றுக்கொள்ள முடியும் என்று உள்ளே வேலை செய்கிறவர்களிடம் கேட்டுவிட்டுச் சேருங்கள். அடுத்தது, முடித்தவுடன் வேலை கொடுக்க வேண்டும் என்ற கட்டாயம் கம்பெனிக்கு இல்லை. என்னையும் எடுக்கவில்லை. இரண்டு மாதம் கழித்து, டிரான்ஸ்பார்மர் பராமரிப்பு எடுத்துச் செய்கிற ஒரு கான்ட்ராக்டரிடம் டெஸ்டிங்குக்குச் சேர்ந்தேன். சம்பளம் அப்ரண்டிஸ் தொகையைப் போல இரண்டு மடங்கு.

போன மாதம் எங்கள் தெருவில் டிப்ளமோ முடித்த ஒரு பெண் வந்தாள். "அக்கா, ஒரு கம்பெனில நாளைக்கே வரச் சொல்றாங்க" என்றாள். ஒப்பந்த எண் வந்ததா என்று கேட்டேன். இன்னும் இல்லை என்றாள். கம்பெனிக்கு என்ன சொல்வது என்று இரண்டு பேரும் உட்கார்ந்து ஒரு மெசேஜ் எழுதி அனுப்பினோம். பதில் வரும் வரை அவள் போனையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒன்பதாவது நாள் இரவு எனக்கு ஒரு ஸ்கிரீன்ஷாட் வந்தது. அடுத்த திங்கட்கிழமை சேர்ந்துவிட்டாள்.