கோத்த எழுத்தா, செதுக்கிய பலகையா: 1600களின் ஜப்பானில் நடந்த போட்டி

அச்சு வரலாறு என்றதும் பலகை பழசு, தனித்தனி எழுத்து புதுசு, புதுசுதான் ஜெயிக்கும் என்றே நினைத்துப் பழகிவிட்டோம். ஜப்பானில் நடந்தது நேர்மாறு.

மரப்பலகை அச்சு அங்கே பௌத்த மடங்களில் பல நூற்றாண்டுகளாக இருந்தது. எழுத்துக் கோப்பது, அதாவது தனித்தனி எழுத்துகளை வரிசையாக அடுக்கி அச்சிடுவது, 1590களில் இரண்டு வழியாக வந்து சேர்ந்தது. இயேசு சபையினர் 1590இல் ஐரோப்பிய அச்சு இயந்திரத்தைக் கொண்டுவந்தார்கள். 1578இல் கொல்லத்தில் ‘தம்பிரான் வணக்கம்’ அச்சிட்டதும் இதே சபைதான். அப்புறம், கொரியாமீது ஜப்பான் படையெடுத்தபோது அங்கிருந்து உலோக எழுத்துகள் வந்தன. ஜப்பானின் ஆட்சியைப் பிடித்த தோக்குகாவா இயேயாசுவே முதலில் மர எழுத்திலும் பிறகு செப்பு எழுத்திலும் நூல்களை அச்சிட வைத்தார்.

அழகு என்று பார்த்தால் என் ஓட்டு கோத்த எழுத்துக்குத்தான். 1608இல் கியோட்டோவின் சாகா பகுதியில் வெளிவந்த ‘இசே மோனோகதாரி’ என்ற பழைய கதை நூலைப் பாருங்கள். வண்ணத் தாளில், தூரிகையால் எழுதியதுபோல மேலிருந்து கீழே வழிந்தோடும் எழுத்து. அந்த ஓட்டம் அறுபடாமலிருக்க இரண்டு மூன்று எழுத்துகளைச் சேர்த்து ஒரே கட்டையாகச் செதுக்கினார்கள். அதிலும் படங்களுக்கு முழுப் பலகையைத்தான் நம்பவேண்டியிருந்தது.

சரி, வியாபாரத்துக்கு எது? அங்கே பலகைக்குப் பக்கத்தில் எதுவும் நிற்கவில்லை. எழுதிய மெல்லிய தாளைச் செர்ரி மரப்பலகையில் குப்புற ஒட்டி, கோடுகளை மட்டும் விட்டு மற்றதைச் செதுக்கி எடுப்பார்கள். படம், எழுத்து, சீன எழுத்துக்குப் பக்கத்தில் உச்சரிப்பைக் காட்டும் பொடி எழுத்து எல்லாம் ஒரே செதுக்கில் முடிந்துவிடும். அச்சிட இயந்திரமே வேண்டாம். மை தடவித் தாளை வைத்து, மூங்கில் மடல் சுற்றிய வட்டத் திண்டால் தேய்த்தால் போதும்.

மறுபதிப்பில்தான் உண்மையான வித்தியாசம். கோத்த எழுத்தைப் பிரித்துப்போட்டால் அடுத்த முறை முதலிலிருந்து கோக்கவேண்டும். பலகை கிடங்கில் காத்திருக்கும். பத்து வருடம் கழித்துக்கூட ஐம்பது பிரதி போடலாம். பலகை வைத்திருப்பவருக்கே பதிப்புரிமை என்பதால் அதை இன்னொரு பதிப்பாளருக்கு விற்கவும் முடிந்தது.

பலகைக்கும் குறை உண்டு. ஒரு பிழையைத் திருத்த அந்த இடத்தை வெட்டியெடுத்து, வேறு மரத்துண்டைப் பதித்து, மறுபடி செதுக்கவேண்டும். தீப்பிடித்தால் பதிப்பாளரின் முதலே சாம்பல்.

இருந்தும் 1650 வாக்கில் கடைகளுக்கு வந்த புத்தகங்கள் ஏறக்குறைய எல்லாமே பலகையில் அச்சானவை. சாகா ‘இசே மோனோகதாரி’யின் படங்களைப் பார்த்துச் செதுக்கிய மலிவுப் பதிப்புகளும் அவற்றில் இருந்தன.